மறுத்துப் பேசாத காடு

பகாவ் டவுனில் என்னால்
எதையும் நினைத்துக்கொள்ள முடிவதில்லை.
படக்கொட்டகை இருந்த இடத்தில் மெத்தை விற்கிறார்கள்.
"அப்படியா அங்கிள்" என்கிறாள் கல்லாப்பெண்.
அதோடு முடிந்துவிடுகிறது.

ஏர்கோன் வேலை வராத ஞாயிறுகளில்
மோட்டாரை எடுத்துக்கொண்டு
ஏழாங்கட்டைக்கு அப்பால் போகிறேன்,
கம்பெனி கைவிட்ட டிவிஷனுக்கு.
வழக்கு முடியாததால் செம்பனை போடவில்லை.
முப்பது வருஷமாய்
பால்மரங்களைக் காடு தின்றுகொண்டிருக்கிறது.
லயம் இருந்த மேட்டில் இடுப்பளவு பெரணி.

இங்கே நான் வைத்ததுதான் கணக்கு.
இந்தப் பள்ளம் கிணறு என்றால் கிணறு.
இந்தக் கல் எங்கள் வாசற்படி என்றால் வாசற்படி.
அப்பா இங்கே நின்று சிரித்தார் என்றால்
ஓர் இலைகூட இல்லை என்று சொல்வதில்லை.

சிரித்ததே இல்லை அவர்.
விடிவதற்குள் பெரட்டுக்குப் போய்
ஒட்டுப்பால் நாற்றத்தோடு வருவார்.
சம்சு குடித்த ராத்திரிகளில்
நானும் தங்கச்சி அமுதவேணியும்
நிரைக்குள் ஓடி
ஆளுக்கொரு மரத்தின் பின்னால் நிற்போம்,
மூச்சுச் சத்தம் கேட்காமல்.

அந்த இருட்டுக்காகத்தானோ வருகிறேன்?
வீட்டைத் தேடி அல்ல,
வீட்டிலிருந்து தப்பி நின்ற இடத்தைத் தேடி.

வெயில் ஏறியதும்
எங்கோ ஒரு ரப்பர் கொட்டை வெடிக்கிறது.
முதுகு தானாகக் குனிகிறது.
ஐம்பத்தாறு வயசு முதுகு.

போன வாரம் என் வாசற்படியில்
வேறொருவன் உட்கார்ந்திருந்தான்.
பக்கத்துச் செம்பனையில் குலை வெட்டும் வங்காளதேசி.
பேர் ஷஃபிக்குல்.
இங்கே என்ன வேலை என்றேன் மலாயில்.
கையை அகல விரித்து
"மாச்சாம் கம்போங்" என்றான்.
அவன் ஊர் மாதிரியாம்.
கொஞ்சம் பொறுத்து "சுங்கை" என்றான், எதிரே காட்டி.

கோபம் வந்தது.
என் கிணறு, என் இருட்டு,
என் அப்பன் உருவிய பெல்ட்டு.
இவனுக்கு இங்கே என்ன பாத்தியதை?
இங்கே ஆறே கிடையாது,
எந்தக் காலத்திலும்.

நானும் சொல்லவில்லை, இல்லை என்று.

தள்ளி உட்கார்ந்தான். உட்கார்ந்தேன்.
எந்தப் பக்கம் ஓடுகிறது என்று கேட்டேன்.
பெரணிக்குள் விரலால் ஒரு வளைவு போட்டான்.
கணுக்காலில் அட்டை ஏறுவது தெரிந்தும்
கொஞ்ச நேரம்
அந்தப் பக்கமே பார்த்துக்கொண்டிருந்தேன்.