இதரம், ஒன்று

துக்கான் உப்புத்தரை, ஆகஸ்ட் மாதம்.
காலை ஒன்பது மணிக்குக் குழாய்ப் பள்ளத்தில்
எக்ஸ்கவேட்டரின் பல் எதன்மேலோ மோதியது.
மோதிய சத்தம் வரவில்லை.
அப்படித்தான் அது கிடைத்தது.

"ணங்குன்னு கேக்கணும்ல, எங்க போச்சு அது?"
என்று இறங்கினான் பீர் ஒலி,
பேரிலேயே ஒலியை வைத்திருப்பவன்.
பாளம் பிளந்து எடுத்து வந்தான்.
எலுமிச்சை அளவு,
கழுவாத டீ கிளாசின் அடிநிறம்,
உள்ளே தலைமுடி போல ஒரு விரிசல்.

என் ஸ்டோர் கன்டெய்னரில்
நட்டும் போல்ட்டும் நிறுக்கிற தராசில் வைத்தோம்.
இருநூற்றுப் பன்னிரண்டு கிராம்.
வெளியே தண்ணி லாரி ஹாரன் அடித்தது.
இருநூற்றுப் பதினான்கு.
ஹாரன் ஓய்ந்த பின்னும் பதினான்கு.
மறுநாள் விடியலில் பார்த்தால் பழைய பன்னிரண்டு.
வாங்கியதையெல்லாம் ராத்திரி ஈரத்தோடு
எங்கோ கொட்டிவிட்டிருந்தது.

நான் உப்பளத்து ஊர்க்காரன்.
உப்பென்றால் கரிக்கும், கரையும், விலைபோகாது,
அவ்வளவுதான் தெரியும்.
ஏட்டில் இதற்குக் குறியீட்டெண் இல்லை.
"இதரம், ஒன்று" என்று எழுதினேன்.

வெள்ளிக்கிழமைகளில் ஆட்கள் வந்தார்கள், நிறுத்துப் பார்க்க.
ஜெனரேட்டர் ராத்திரி முழுக்கக் கத்தியும் அரை கிராம்.
ஃபோர்மேன் குஞ்ஞுமோனின் வசவு மூன்று.
அவருக்கே ஏமாற்றம்.
சவரம் செய்தபடி மொஃபிசுல் முனகும் பாட்டு பதினொன்று,
நடுவில் வெட்டிக்கொண்டு ஸ்ஸ் என்றது
தனியாக ஒன்று.

கீம் பிரசாத் தன் மகள் அனுப்பிய
வாய்ஸ் மெசேஜோடு வந்தான்.
கல்லோடு கைபேசியை ஒட்டவைத்து
மூன்று தடவை ஓட்டினான்.
எண் அசையவில்லை.
தொண்டை வேண்டும் போல அதற்கு,
பக்கத்தில் நிற்கிற தொண்டை.
அப்புறம் அந்த மழலையைத் தானே சொன்னான்,
மீசையோடு, அதே இழுப்பில்.
பத்தொன்பது.
நாங்கள் சிரித்தோம். அதற்கும் ஏறியது,
எவ்வளவென்று யாரும் பார்க்கவில்லை.

செப்டம்பர் கடைசியில் ஒரு ராத்திரி
சிக்னல் தேடி ஸ்டோர் வாசலுக்கு வந்தான் பீர் ஒலி.
அந்தப் பக்கம் யார், என்ன சொன்னார்கள்,
எனக்குத் தெரியாது, தராசுக்கும் தெரியாது.
இவன் சொன்னது ஒரே வார்த்தை.
சரி.
கொஞ்ச நேரம் கழித்து, சரி.
சரி சரி.
இல்ல, நான் என்ன சொல்றேன்னா, என்று தொடங்கி
விட்டுவிட்டு, சரி.
கணக்கு எழுதுகிறவன் போல எண்களைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.
எண்ணூறு. இரண்டாயிரம். நாலாயிரத்து நூறு.
ஐந்து கிலோதான் தாங்கும் அந்தத் தராசு,
மிஞ்சினால் கீச்சிடும்.
கீச்சிட்டிருக்கும். கல் அதையும் விழுங்கியிருக்கும்.
"வச்சிரட்டா?" என்று கேட்டான்.
பதில் வந்ததா, தெரியவில்லை.
"வைக்கிறேன்" என்று வைத்தான்.

மேஜையின் ஒரு கால் வளைந்தது.

விடிந்தது. தகரக் கூரையெல்லாம் ஈரம் சொட்டியது.
எடை இறங்கவில்லை.

ஃபோர்க்லிஃப்டில் தூக்கிப் போய்
இன்னும் மூடாத பள்ளத்தில்
குழாய்க்கு அந்தண்டை இறக்கினோம்.
அவனே பக்கெட்டால் மண் தள்ளினான்.
நான் ஏட்டில் வரவு ஒன்று, செலவு ஒன்று போட்டு
இருப்பு என்கிற கட்டத்தில்
பேனாவை ஊன்றியபடி வெகுநேரம் உட்கார்ந்திருந்தேன்.

இரண்டு வாரம் கழித்து
லெவல் பார்க்கிற எகிப்துக்காரர் அஷ்ரஃப்
அந்த இடம் மட்டும் ஒரு சாண் இறங்கியிருக்கிறது என்றார்.
மணல் கொட்டி நிரவ வேண்டும், இன்றைக்கே.
பீர் ஒலி என்னைப் பார்த்தான்.
வாயைத் திறந்தான், மூடினான்.
"ஆகட்டும்" என்றான்.