பதினோரு நொடி

சாவ் பாவ்லோ மெட்ரோவில்
ரத்தப் பரிசோதனை முடித்து ஏறியவள்,
முந்தின இரவிலிருந்து வெறும் வயிறு,
டப்பாவைத் திறந்து
வறுத்த மரவள்ளி மாவை மூன்று விரலால் அள்ளி
அண்ணாந்து வாய்க்குள் எறிந்தாள்.
ஒரு துகள் சிந்தவில்லை.

எதிர் இருக்கையில் ஒரு கைபேசி
செய்தி படிப்பதுபோல் நிமிர்ந்திருந்தது.

பதினோரு நொடி.
முழங்கை மடிப்பில் ஒட்டிய பஞ்சு
சட்டகத்துக்கு வெளியே.
மேலே மஞ்சள் எழுத்து:
'வடகிழக்குக்காரி வந்துட்டா, சோத்தைப் பூட்டுங்க.'
மழையில்லாத ஊரில் பல் மட்டும்
எப்படி முளைக்கிறது என்றான் ஒருவன்.
இவள் எங்கே வேலை செய்கிறாள் என்றாள் ஒருத்தி;
சாயங்காலத்துக்குள் பதில் வந்துவிட்டது,
கதவு எண்ணோடு.

ஜுசிலேனிக்குத் தெரிந்தது
வேலை செய்யும் வீட்டு லிஃப்டில்தான்.
இரண்டு மாடிவரை யாரும் பேசவில்லை.
மூன்றாவதில் ஒரு சிறுவன்
மூன்று விரலைக் குவித்து
அண்ணாந்தான்.
அவன் அம்மா கையைத் தட்டிவிட்டாள்,
சிரிப்பை அடக்கிக்கொண்டே.

அன்றிரவு பியவுயியிலிருந்து
மகனின் குரல்:
'போட்டோ கேட்டா அனுப்பவே மாட்டியே அம்மா.
நாலு வருஷத்துல இப்பதான் பாக்கறேன்.
இருபத்தாறு தடவை ஓட்டிப் பாத்துட்டேன்.
கழுத்தெலும்பு தெரியுது.
அந்த டப்பால இருக்கிறது
நான் அனுப்பின மாவுதானே?'