எழுபத்தைந்து

மானூரில் அரிசி ஆலைக்குப் பின்பக்கம்
நெல் போட்டுவைத்த பழைய குடோனில்
பதினொரு பேர் படுக்கிறோம்.
மின்விசிறிக்கு நேர் கீழே முப்பிடாதி அக்கா,
அங்கிருந்து சீனியர் வரிசைப்படி பாய்கள்.
கதவோரம், கொசுவுக்கு முதல் பந்தியாக, நான்.

நாலரைக்கு எழுந்து களத்துக்குத் தண்ணீர் தெளிப்பேன்.
புழுதி பறந்தாலும் ஏச்சு, வழுக்கினாலும் ஏச்சு.
‘கொழுக்கட்டைக்குப் பிசைஞ்ச மாவு மாதிரி இருக்கணும்ட்டி.’
பிறகு நாற்பது முட்டை,
பதினொரு பனியன்,
அக்காவின் இடது முட்டுக்கு விளக்கெண்ணெய்.
எல்லோரும் தின்று எழுந்தபின் என் தட்டு.

பெண்கள் ஆட்டத்துக்கு எழுபத்தைந்து கிலோதான் எல்லை.
ஆலையில் ஒரு மூட்டை நெல்லும் அதே எழுபத்தைந்து.
லோடுமேன் சுடலைக்கண்ணு
இதைச் சொல்லிச் சொல்லிச் சிரிப்பார்.
மூட்டை இறங்கியதும் அக்கா தராசில் ஏறுவாள்.
மூட்டையைவிட ஒன்றரைக் கிலோ கூட.

அதனால் வெள்ளைக் கரு மட்டும்.
அவள் விரலால் தோண்டித் தள்ளும் எட்டு மஞ்சளும்
என் தட்டுக்கு வரும்.
உப்பில்லாமல், விக்க விக்க, விடாமல் தின்பேன்.
அவள் உரச்சாக்கைப் போர்த்திக்கொண்டு
உச்சி வெயிலில் பள்ளமடை ரோடு வரை ஓடுவாள்.
அவளிடம் குறைந்தது
எனக்குத் தொடையில் ஏறியது.

ஒருநாள், பாடி வந்தவளின் கரண்டையைப் பிடித்தேன்.
முன்பெல்லாம் என்னையும் சேர்த்து இழுத்துக்கொண்டே
கோட்டைத் தொட்டுவிடுவாள்.
அன்றைக்கு இழுத்தாள்; நான் நகரவில்லை.
மூச்சு முறிந்து மண்ணில் கிடந்தவள்
என் முகத்தைப் பார்க்கவில்லை, காலைப் பார்த்தாள்.
‘எம் முட்டையெல்லாம் இங்ஙனதான் இருக்கு’ என்றாள்.
யாரும் சிரிக்கவில்லை.
அப்புறம் அவளே சிரித்தாள்.

சங்கரன்கோவில் போட்டியில் இருநூறு கிராம் கூட.
எச்சில் துப்பித் துப்பிப் பார்த்தாள்,
கொலுசைக் கழற்றினாள்,
மூக்குத்தியைக்கூடக் கழற்றி என் கையில் கொடுத்தாள்.
மேசைக்குப் பின்னால் இருந்தவர் பேனாவை மூடினார்.

அவள் பனியனை எனக்குப் போட்டுவிட்டார்கள்.
எங்கே நின்றேன், யாரைப் பிடித்தேன், ஞாபகமில்லை.
தோளில் அது தொளதொளக்கவில்லை,
அது மட்டும்தான் தெரியும்.

திரும்பும் வேனில், கயத்தாறு தாண்டியபின்
ஜன்னலைப் பார்த்தபடி சொன்னாள்:
‘நாளையிலேர்ந்து எனக்கு முழு முட்டைட்டி.’
மூக்குத்தி இன்னும் என் உள்ளங்கையில்தான் இருந்தது.
கேட்கவில்லை, கொடுக்கவுமில்லை.

விடிகாலை வாளியோடு போனேன்.
களம் ஏற்கெனவே நனைந்து கிடந்தது.
அங்கங்கே சேறு.
தெளித்துப் பழக்கம் விட்டுப்போயிருந்தது அவளுக்கு.