நாயைச் சேர்த்தால் பன்னிரண்டு

சுவரொட்டியில் மூன்று பெயர்கள்.
த்ரெல்ஃபால் சிரிக்க வைப்பான்,
பிக்கவன்ஸ் கவிதை படிப்பான்,
இரண்டுக்கும் நடுவில்
நான் டிராம்போனில் மூச்சு விடுவேன்.

மோர்கம் கடற்கரை. பிப்ரவரி.
வந்தவர்கள் பதினொரு பேர்,
அதில் இருவர் மழைக்கு ஒதுங்கியவர்கள்.

வாத்து வேடத்தில் வியர்த்தபடி
அதே துணுக்கை இருமுறை சொன்னான் த்ரெல்ஃபால்,
இரண்டாம் முறை மெதுவாக,
காது மந்தமானவருக்கு வழி சொல்வதுபோல.
நாய் மட்டும் தலையைச் சாய்த்துக் கேட்டது.

பிறகு பிக்கவன்ஸ்.
அவன் அம்மா செத்ததைப் பற்றிய கவிதை.
ஆஸ்பத்திரியில் அவள் பல்செட்டைப்
பழுப்பு உறையில் போட்டுக் கொடுத்தார்கள்
என்ற வரியில்
பின்வரிசையில் யாரோ களுக்கென்றார்கள்.
அவ்வளவுதான்,
நாற்காலி விட்டு நாற்காலி தாவியது சிரிப்பு.

நிறுத்தினான்.
தாளைப் பார்த்தான், எங்களைப் பார்த்தான்.
"கையெழுத்து வாங்கிக்கொண்டுதான் கொடுத்தார்கள்" என்றான்.
தாளில் இல்லாத வரி.
மேசையை அறைந்து சிரித்த ஒருத்தி
கண்ணைத் துடைத்துக்கொண்டாள்,
நிறுத்தாமல் துடைத்துக்கொண்டே இருந்தாள்.

நான் ஊத வேண்டிய இடம் அது.
ஊதவில்லை.

இரவல் வேனில் திரும்பும்போது
சிப்ஸும் வினிகரும் ஈரக் கம்பளியும் மணந்தன.
வாத்துத் தலையை மடியில் வைத்துக்கொண்டு
வாயே திறக்காமல் வந்த த்ரெல்ஃபால்
பிரஸ்டன் தாண்டியதும் கேட்டான்:
"அந்தப் பல்செட்டை என்ன செய்தாய்?"

பிக்கவன்ஸ் தன் கோட்டுப் பையைத் தட்டினான்.
உள்ளே ஏதோ கலகலத்தது.
சில்லறையாகவும் இருக்கலாம்.