ஆள் கணக்கு

பிப்ரவரியில் வாங்கிய டிக்கெட்.
பணம் திருப்பித் தரப்பட மாட்டாது என்று
அடியில் பொடி எழுத்தில் இருந்தது.
அதனால் மட்டும்தான் ஜூனில்
ஒரே படகில் ஏறினோம்,
நான்கு நாளாய்ப் பேசாத இருவர்.

டோபர்மரித் துறையில் வீடுகள்
மஞ்சள், சிவப்பு, நீலம் என்று
அத்தனை மழைக்கும் சாயம் போகாமல் நின்றன.
படகோட்டி மார்சலி
கையில் ஒரு சொடுக்கியோடு தலைகளை எண்ணினாள்.
டிக், அது நான். டிக், அது திருமாறன்.
இருபத்தாறு.
"இருபத்தாறைக் கொண்டுபோகிறேன்,
இருபத்தாறைக் கொண்டுவருவேன்.
ஆள் மாறினாலும் பரவாயில்லை."
எல்லோரும் சிரித்தார்கள்.
எனக்கு அந்த யோசனை பிடித்திருந்தது.

காலியாக் முனை தாண்டியதும்
அட்லாண்டிக் தன் முதுகைத் தூக்கிக் காட்டியது.
திருமாறன் முகம் வெளுத்தது.
என் பையில் இஞ்சி மரப்பா இருந்தது.
கொடுக்கவில்லை.
மூன்றாவது அலைக்குக் கொடுத்தேன்.
என்னைக் கேட்காமல் கையெழுத்துப் போட்டவருக்கு
இரண்டு அலைதான் தண்டனை:
அபர்தீனில் வேலை, செப்டம்பரில் வீடு மாற்றம்,
"சொல்லத்தான் இருந்தேன்"
என்று ஒரு வரி.

ஸ்டாஃபா.
கருங்கல் தூண்கள், ஆறு பட்டை,
பென்சில்களைக் கட்டாகக் கட்டி
யாரோ கடலுக்குள் செருகிவிட்டுப் போனது போல.
கம்பியைப் பிடித்தபடி குகைவாய் வரை போனோம்.
அலை உள்ளே போய்
நீளமாக ஏதோ சொல்கிறது.
குகை, "ம்."
இன்னொரு அலை.
"ம்."
பக்கத்தில் ஒரு பிரெஞ்சுக்காரி கண்ணை மூடிக்கொண்டாள்,
தேவாலயத்தில் நிற்பது போல.
எனக்கோ பதினாறு வருடமாய்ப் பழகிய ஓசை,
கைப்பேசிக்குப் பின்னாலிருந்து வரும்.
ஆனாலும் நின்றேன்.
எத்தனை கோடி அலை வந்திருக்கும்,
ஒன்றுக்குக்கூட ம் கொட்டாமல் விடவில்லையே
இந்தக் கல்.

லுங்கா.
வழுக்கும் உருண்டைக் கற்கள், அப்புறம் மூச்சு வாங்கும் ஏற்றம்,
மேலே புல்.
புல் முழுக்கப் பொந்து,
பொந்துக்குப் பொந்து பஃபின்,
கறுப்புக் கோட்டில்
வெற்றிலை போட்ட வக்கீல் மாதிரி.
"சும்மா உட்காருங்கள், பக்கத்தில் வரும்" என்றாள் மார்சலி.
நம்மேல் அன்பெல்லாம் இல்லை.
நாம் இருக்குமிடத்துக்குக் கடற்காக்கை வராது.
மீனைத் தட்டிப் பறிப்பவனுக்கு
நாம் என்றால் பயம்.
பயமுறுத்தும் பிறவியாய் இருப்பதிலும்
யாரோ ஒதுங்கிக்கொள்ள
கொஞ்சம் நிழல் விழுகிறது போல.

நேரம் முடிந்தது. வரிசை. டிக், டிக்.
இருபத்தைந்து.
மறுபடி எண்ணினாள். இருபத்தைந்து.
ஓதம் இறங்குகிறது என்று
கயிற்றுப் பையன் தண்ணீரைப் பார்த்தான்.
மற்றவர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள்.
நான் பார்க்கவில்லை.
யார் என்று தெரியும்.

மேலே, விளிம்பில், குப்புறப் படுத்திருந்தார்.
அவர் ஷூவுக்கு ஒரு முழம் தள்ளி ஒரு பஃபின்,
அலகில் ஏழெட்டு வெள்ளி மீன்
மீசையாய்த் தொங்க,
பொந்துக்குள் போவதா, இந்த ஆளை நம்புவதா
என்று யோசித்துக்கொண்டு.
திருமாறன் விரலை உதட்டில் வைத்தார்.
ஈரப்புல்லில் உட்கார்ந்தேன்.
"கணக்கில் ஒன்று குறைகிறதாம்."
"இப்போ ரெண்டு" என்றார்.

சிரிப்பை அடக்கினேன், பறவைக்காக.
அது உள்ளே போனது,
மீசை இல்லாமல் வெளியே வந்தது,
கல்லெறிந்த மாதிரி கடலை நோக்கிப் பறந்தது.
அதற்குப் பிறகுதான் எழுந்தோம்.

மார்சலி எதுவும் சொல்லவில்லை,
சொடுக்கியைக் கொஞ்சம் பலமாக அழுத்தினாள்.
இருபத்தாறு.
ஆள் மாறவில்லை.

திரும்பும் வழியில்
கடல்நாய்கள் பாறையில் வாழைப்பழம் போல் வளைந்து கிடந்தன.
யாரும் புகைப்படம் எடுக்கவில்லை, எல்லோருக்கும் களைப்பு.
அவர் தோள் என் தோளில் இடித்தது,
அலைதான் காரணம்.
"அபர்தீனில் கடல் எந்தப் பக்கம்?"
வருகிறேன் என்று சொல்லவில்லை.
கேட்டேன், அவ்வளவுதான்.
கேட்டுவிட்டு, ம் வரும் என்று காத்திருந்தேன்.

"கிழக்கு" என்றார்.

நாலெழுத்து.
எண்ணிப் பார்த்தேன்.