கார்க் என்று எழுதிய பனியன்

அவினாசி ரோட்டு லாட்ஜில்
அயர்லாந்து பையர் மறந்துபோன புத்தகம் மூன்று.
ரூம்பையன் கம்பெனி கேட்டில் கொண்டுவந்து நீட்டினான்:
"உங்க ஆளுதுங்க்கா."

மூன்றும் ஒரே ஊரைப் பற்றி.

முதலாவது, கசாப்புக்கடைக்காரர் மகள் ஒருத்தி
தன் கதையைத் தானே எழுதியது.
குளிரில் விரல் வெடித்ததை மட்டும்
ஒன்பது பக்கத்துக்கு எழுதியிருக்கிறாள்.
பிசிறு வெட்டும் எங்கள் பெண்கள் படித்தால்
"இதுக்கா புள்ள?" என்பார்கள்.
அப்புறம் தங்கள் விரலைப் பார்ப்பார்கள்.

இரண்டாவது சரித்திரம்.
லீ என்கிற ஆறு ஊருக்குள் வந்து
இரண்டாகப் பிரிகிறது.
கடைவீதி ஏன் வளைந்து போகிறது?
அடியில் பழைய வாய்க்கால் இருப்பதால்.
நாலு முகக் கடிகாரம் ஒன்று
நாலு நேரம் காட்டுமாம்.
எங்கள் பஞ்ச் மெஷின் ஒன்றே போதும் அதற்கு.

அந்தப் புத்தகத்தில்தான் பச்சை கிடைத்தது.
நாலு தடவை திருப்பி அனுப்பியிருந்தார் பையர்,
"இன்னும் கொஞ்சம் மழை வேண்டும்" என்று மெயில் போட்டு.
டையிங் மாஸ்டர் வெள்ளியங்கிரி
தலையில் கைவைத்து உட்கார்ந்திருந்தார்.
எழுபத்தோராம் பக்கத்துப் பாசிச்சுவரைக் காட்டினேன்.
சாம்பல் சொட்டு விட்டார்.
ஐந்தாவது சாம்பிள் ஓகே.

மூன்றாவது, கொலை.

பாலத்தடியில் பிணம்.
பையில் ஒன்றுமில்லை.
கழுத்து லேபிளில் "இந்தியாவில் தைத்தது".
இன்ஸ்பெக்டர் அதை
ஒரே வரியில் தாண்டிப்போகிறார்.

அட மனுசா, நில்லு.
இடதுபக்கத் தையலைப் புரட்டு.
துவைக்கும் முறை போட்ட லேபிளின் முதுகில்
பொடி எழுத்தில் ஒரு நம்பர் இருக்கும்.
எந்த ஆர்டர், எந்த லாட், எந்த வாரம்,
எந்தக் கடைக்குப் போனது,
பத்து நிமிசத்தில் நான் சொல்வேன்.
நீ இருநூறு பக்கம்
மழையில் நனைந்துகொண்டிருக்கிறாய்.

கொன்றவன் பாங்க் மேனேஜராம்.
போகட்டும்.

ஆடி பிறந்து நாலாம் நாள்
வளர்மதி பாலத்துக்குக் கீழே, நொய்யலில்,
அடையாளம் தெரியாத ஆண், முப்பது வயதிருக்கலாம்,
கார்க் என்று ஆங்கிலத்தில் எழுதிய பச்சை பனியன்.
பேப்பரில் இரண்டு இஞ்ச்.

"கார்க்குன்னா பாட்டில் மூடி.
குடிச்சுப்போட்டு விழுந்திருக்கான்,
நெஞ்சுலயே எழுதியிருக்குதே,"
டீக்கடையில் தீர்ப்பு முடிந்துவிட்டது.

எனக்குத் தெரியும் அந்தப் பச்சை.
பிரிண்ட் கால் இஞ்ச் இறங்கியதால்
முந்நூற்றுப் பத்து பீஸ் கழித்தோம்.
கழிவு காதர்பேட்டைக்குப் போகும், கிலோ கணக்கில்.
போவதற்கு முன் லேபிளை வெட்டவேண்டும்,
கழுத்திலும், இடதுபக்கத் தையலிலும்.
வெட்டச் சொல்லிக் கையெழுத்துப் போட்டவள் நான்.

"நமக்கெதுக்கு அம்மிணி," என்றார் சூப்பர்வைசர் மாரப்பன்.
சரிதான்.
பொழுதோட ஸ்டேஷனுக்குப் போனேன்.

ரைட்டர் நிமிரவில்லை.
"செத்தவன் உங்களுக்கு என்ன வேணும்?"
"ஒண்ணும் வேணாமுங்க. பனியன் எங்களுதுங்க."
"ஒடிசாவா, பீகாரா?"
"தெரியலீங்க."
"கார்க்குன்னு போட்டிருக்குதே, அதென்ன?"
"ஊருங்க."
"எங்கிருக்குது?"
"ஆறு ரெண்டாப் பிரியற எடத்துலீங்க."

பவானிப் பக்கம் என்று நினைத்தாரோ என்னவோ,
தலையை ஆட்டினார்.
பேனா ஓடவில்லை, உதறினார்,
மறுபடி வைத்தார்.

பெயர்: தெரியவில்லை.
ஊர்: கார்க்.

திருத்த வாயெடுத்தேன்.
அடுத்த காலத்துக்குப் போய்விட்டார்:
உடை, நிறம்.
"பச்சைதானுங்களே?"

"பச்சைதானுங்க," என்றேன்.
"கொஞ்சம் மழை கலந்தது."

அதை அவர் எழுதவில்லை.