பிழைதிருத்தம்

துலூத் நகரில், கோட்டுகள் தொங்கும் அலமாரிக்குள்
மைக்கோடு நுழைந்து கதவைச் சாத்திக்கொள்வான் வெண்டல் க்ராடக்.
கம்பளி எதிரொலியைக் குடித்துவிடுமாம்.
ஏரிப் பூதம் மிதக்கும் மரக்கட்டை,
காந்தக் காப்பு வெறும் காப்பு,
கவைக்குச்சியால் நீரோட்டம் பார்க்கும் ஆர்லீன் ஹௌகன்
மூடிய பத்து வாளிகளில்
மூன்றைத்தான் சரியாகச் சொன்னாள்.
"ஆதாரம் எங்கே?"
வாராவாரம், முந்நூறு வாரம்.

பனி வாரும் வண்டி ஓட்டுகிறவன் நான்.
விடியுமுன் அந்தக் குரலோடுதான்
சாலையைச் சுரண்டினேன்.

ஒரு செவ்வாய்க்கிழமை
நீதிமன்றம் கேட்டது அதே கேள்வியை.
யாரும் சொடுக்காத விளம்பரங்களைச்
சொடுக்கியதாகக் கணக்குக் காட்டி
வாங்கிய பணம்.
பதினான்கு மாதம்.

வந்தபின் குரல் சற்றுத் தடித்திருந்தது.
முதல் பாட்காஸ்ட்: பிழைதிருத்தம்.
ஒரு நிலவின் தூரம், ஒரு தடுப்பூசியின் ஆண்டு,
ஆர்லீனின் வாளி மூன்றல்ல, நான்கு.
சொடுக்குகளைப் பற்றி
மூச்சே விடவில்லை.

நாற்பது நிமிடமும் கேட்டேன்,
கலப்பையைத் தரையில் இறக்க மறந்து.

சிறைக்கு அவனுக்குக்
கம்பளிக் கையுறை பின்னி அனுப்பினாளாம் ஆர்லீன்.
பெட்ரோல் பங்கில் சொன்னார்கள்.
ஆதாரம் இல்லை.
நம்புகிறேன்.